கீழ்த்திரையில் அர்த்தநாரி

சங்ககிரியில் லாரிக்காரர் தெரு என்று ஒரு தெரு, எந்த வீட்டுக் கதவைத் தட்டினாலும் அவரு வண்டிக்குப் போயிருக்காருங் என்ற பதிலே வருகிற அந்தத் தெருவில், கலாமணி வீட்டு டிவியின் கீழ்ப்பாதி ஒரு செவ்வாய்க்கிழமை காலை பத்தரை மணிக்கு அவள் புருஷன் அர்த்தநாரியோடு கிளம்பிப் போய்விட்டது. மேல்பாதி வீட்டிலேயே இருந்தது. அது அவளுடையது.

நடந்தது இதுதான். இருவரும் பாயில் சம்மணம் போட்டு உட்கார்ந்து வண்டிச் சண்டை ஆடிக்கொண்டிருந்தார்கள். ஒரே டிவியை நடுவில் கறுப்புக் கோடு கிழித்துப் பங்கிட்டுக்கொண்டு, மேலே அவளுடைய மஞ்சள் வண்டி, கீழே அவனுடைய சாம்பல் வண்டி, எதிரே இன்டர்நெட் வழியாக எந்தெந்த தேசத்திலிருந்தோ வந்து நிற்கிற முகம் தெரியாத நாலு பேர், ஆளாளுக்கு வண்டி மேல் துப்பாக்கியும் ராக்கெட்டும் சம்மட்டியும் கட்டிக்கொண்டு இடிந்துபோன ஒரு நகரத்துக்குள் ஒருவரையொருவர் துரத்திக்கொண்டிருந்த நேரத்தில் லாரி ஆபீஸிலிருந்து போன் வந்தது. ஜவ்வரிசி லோடு, நாக்பூருக்கு, உடனே கிளம்பணும். அர்த்தநாரி கன்ட்ரோலரை டிவி ஸ்டாண்டில் வைத்தான், லுங்கியை அவிழ்த்துக் காக்கி பேண்டை மாட்டினான், மிச்ச ஆட்டத்தை வந்து ஆடிக்கிறேன் என்று சொல்லிவிட்டுப் படியிறங்கினான். வாசல்வரை போய் அனுப்பிவிட்டு, அடுப்பிலிருந்த பாலை இறக்கி வைத்துவிட்டு வந்து கலாமணி பார்த்தால், கீழ்ப்பாதியில் இடிந்த நகரத்தைக் காணோம். லாரியின் முன்கண்ணாடி இருந்தது, கண்ணாடியின் உச்சியில் பிள்ளையார் ஸ்டிக்கர் இருந்தது, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் சேலம் ரோடு ஓடிக்கொண்டிருந்தது. பிள்ளையாருக்குப் போட்டிருந்தது போன வாரத்துப் பூ. பூ வாங்கக்கூட மறந்துட்டுப் போறாரே இந்த மனுசன் என்று அவளுக்குக் கோபம்தான் வந்தது.

பொழுது சாய்வதற்குள் விஷயம் முழுக்கப் பிடிபட்டுவிட்டது. கீழ்ப்பாதியில் தெரிவது அவன் கண்ணுக்குத் தெரிவது. அவன் இடது பக்கம் பார்த்தால் திரையும் இடது பக்கம் பார்க்கும், அவன் இமைத்தால் திரை இமைக்கும், அவன் படுத்தால் கறுத்துப்போகும். சத்தம் மட்டும் கிடையாது. அவன் தொப்பூரில் டீக்கு நிறுத்தியபோது அவள் போன் செய்து, நீங்க வடை எடுக்காம விட்டது நல்லதுங், அந்த எண்ணெயைப் பார்த்தேன், கன்னங்கரேல்னு கிடக்குது என்றாள். அவன் பார்வை எண்ணெய்ச் சட்டிக்கே திரும்பிப் போனது. பிறகு, அப்பப் பார்த்துக்கிட்டுத்தான் இருக்கறயா என்று கேட்டான். பார்த்துக்கிட்டுத்தான் இருக்கறேன் என்றாள். கீழ்ப்பாதி மெல்லத் திரும்பி லாரியின் பக்கக் கண்ணாடிக்குப் போனது, அங்கே அர்த்தநாரியின் முகம் தெரிந்தது, அவன் சட்டைப் பையிலிருந்து சீப்பை எடுத்துத் தலையை வாரிக்கொண்டான்.

தெரு இதை ஏற்றுக்கொள்ள இரண்டு நாள்கூட ஆகவில்லை. பக்கத்துத் திருச்செங்கோட்டு மலையில் பாதி ஆணாகவும் பாதி பெண்ணாகவும் நிற்கிற சாமியின் பேரை வைத்துக்கொண்டு பிறந்தவன், பாதி டிவியை எடுத்துக்கொண்டு போனதில் என்ன அதிசயம் என்று எதிர்வீட்டு வெள்ளையம்மா தீர்ப்புச் சொல்லிவிட்டாள். வெள்ளையம்மாவுக்கு ஐம்பத்தெட்டு வயது, புருஷனும் இரண்டு மகன்களும் லாரியில், அந்தத் தெருவில் அவள் தீர்ப்புக்கு மேல் அப்பீல் கிடையாது. அதற்குப் பிறகு யாரும் ஏன் எப்படி என்று கேட்கவில்லை, எத்தனை மணிக்கு வரலாம் என்றுதான் கேட்டார்கள். சோற்றை வடித்துவிட்டுப் பதினொரு மணிக்குப் பெண்கள் வந்து உட்கார்ந்தார்கள். சீரியல் பார்ப்பதை விட்டார்கள். கேபிள்காரர் வந்து எட்டிப் பார்த்து, கலாமணிக்கு இனி எத்தனை சேனல் வேண்டியிருக்கும் என்று வருத்தத்தோடு கேட்டுவிட்டுப் போனார். ஆம்பளை வெளியூர் கிளம்பினால் ஊர் எல்லையைத் தாண்டும்வரை வீடு கூட்டக் கூடாது என்பது அந்தத் தெருவின் வழக்கம், இத்தனை வருஷமாகக் குத்துமதிப்பாக ஒரு மணி நேரம் துடைப்பத்தைத் தொடாமல் இருந்தவர்கள் இப்போது அர்த்தநாரி தாண்டுகிற ஊருக்கெல்லாம் அந்த வழக்கத்தை நீட்டி, இன்னும் எல்லை தாண்டலை, லெவல் கிராசிங்குல நிக்கறாரு என்று திரையைப் பார்த்துச் சொல்லிக்கொண்டார்கள். அவர்களில் முக்கால்வாசிப் பேர் தங்கள் புருஷன்மார் முப்பது வருஷமாக ஓட்டிய ரோட்டை அப்போதுதான் முதல்முதலாகக் கண்ணால் பார்த்தார்கள். ஆனால் அவர்களுக்கு அது புதுசாக இல்லை. போனில் கேட்டுக் கேட்டு, எந்த மேம்பாலத்துக்குப் பிறகு எந்த வளைவு, எந்த தாபாவில் பருப்பு தண்ணியாக இருக்கும் என்பதெல்லாம் அவர்களுக்கு மனப்பாடம். ஆதிலாபாத் தாண்டியதும் ஒரு ஒற்றைப் பனைமரம் வரும் என்று ஒருத்தி சொன்னாள், அது வந்தது.

ஒரே ஒரு சங்கடம் இருந்தது. அந்த ஆட்டத்தில் இரண்டு நிமிஷம் ஒரு பட்டனையும் அமுக்காமல் சும்மா இருந்தால் தூக்கி வெளியே போட்டுவிடும், மேல்பாதி போனால் கீழ்ப்பாதியும் கூடவே போய்விடும். அதனால் கலாமணியின் மஞ்சள் வண்டி இடிந்த நகரத்தின் மதில் ஓரத்தில் ஒதுங்கி நிற்க, யாராவது ஒருத்தி கன்ட்ரோலரைக் கையில் வைத்துக்கொண்டு இரண்டு நிமிஷத்துக்கு ஒருமுறை ஒரு பட்டனை அமுக்கவேண்டியிருந்தது. தெரு அதற்கும் முறை வைத்துக்கொண்டது. கோயில் பொங்கலுக்கு முறை வைக்கிற மாதிரி வீட்டுக்கு மூன்று மணி நேரம், ராத்திரிக்குத் தூக்கம் வராதவர்கள். மூன்றாம் வீட்டு ஷாகிதா, கல்யாணமாகி இரண்டு வருஷம்தான் ஆகியிருந்தது, ஒரு கையால் கைக்குழந்தைக்குச் சோறு ஊட்டிக்கொண்டே மறு கையால் அமுக்கினாள். பத்து நாளில் ஒருமுறைகூட இரண்டு நிமிஷம் தவறவில்லை.

அர்த்தநாரியும் பழகிக்கொண்டான். அவன் நல்ல மனுசன், நாக்பூரில் லோடு இறக்குகிற இடைவேளையில் புடவைக் கடை ஜன்னல் முன்னால் போய்க் கால் மணி நேரம் அசையாமல் நின்றான், தெரு முழுக்க உட்கார்ந்து பார்த்தது. பீடி விஷயத்தில் மட்டும் அவனுக்குக் கூச்சம். கலாமணியிடம் விட்டுவிட்டேன் என்று சத்தியம் செய்திருந்தான். அதனால் வண்டியை ஓரம் கட்டி, ஒருமுறை சுற்றிப் பார்த்து, கண்ணை இறுக மூடிக்கொண்டு பீடி குடித்தான். கீழ்ப்பாதி ஐந்து நிமிஷம் கறுத்துக் கிடக்கும். தெருவில் எல்லாருக்கும் அது தெரியும், பீடி என்று சொல்லிவிட்டு எழுந்துபோய்த் தண்ணி குடித்துவிட்டு வருவார்கள். கலாமணியும் தெரியாத மாதிரி இருந்துகொண்டாள், ஒளிந்து குடிக்கிற வரைக்கும் மரியாதை இருக்கிறது என்று.

இந்த இடத்தில் அவர்கள் ஆட்டத்தைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். கேம் பெட்டியை அர்த்தநாரி பம்பாய்ப் பக்கத்துப் பிவண்டியிலிருந்து மகளுக்காக வாங்கி வந்தான், மகள் காலேஜ் ஹாஸ்டலுக்குப் போனபிறகு அது அப்பன் அம்மா கைக்கு வந்தது. முதல் நாளே அது நீல டீமா சிவப்பு டீமா என்று கேட்டது. இரண்டு பேரும் எதிரெதிர் டீமில் ஆடினால் சுவாரசியமாக இருக்கும் என்று மகள் போனில் சொல்லிப் பார்த்தாள், கலாமணி ஒப்பவில்லை. தாலி கட்டினவருக்கு எதிரே விளையாட்டுக்குக்கூட நிற்க மாட்டேன் என்று இரண்டு பேரையும் நீலத்தில் போட்டாள். மூன்று வருஷமாக அப்படித்தான். யார் கணக்கில் கம்மி வண்டி விழுந்ததோ அவர் பாத்திரம் கழுவவேண்டும், பெரும்பாலும் அர்த்தநாரிதான் கழுவினான், கலாமணியின் குறி அப்படி. நிஜ வாழ்க்கையில் மொபெட்கூட ஓட்டாதவள் அவள். ஒரே டீமில் இருப்பதில் ஒரு சௌகரியம், அவசரத்தில் அவள் சுட்டது அவன் மேல் போனாலும் புகையாய் ஊடுருவிப் போய்விடும், அவனுக்கு ஒன்றும் ஆகாது.

திரும்பி வருகிற லோடு சோயாப் புண்ணாக்கு, நாமக்கல் கோழித் தீவனத்துக்கு. நாக்பூரிலேயே நாலு நாள் காக்க வைத்துவிட்டார்கள், ஏற்றி முடித்ததும் லாரி ஆபீஸ் பிடித்துக்கொண்டது, வெள்ளிக்கிழமைக்குள் வந்தாகணும், கோழிகள் காத்திருக்கின்றன என்று. முன்னெல்லாம் லாரிக்கு இரண்டு டிரைவர், கிளீனர் வேறு. இப்போது ஒற்றை ஆள். அர்த்தநாரி புதன் ராத்திரி ஓட்டினான், வியாழன் பகல் ஓட்டினான், வியாழன் ராத்திரியும் ஓட்டினான். வெள்ளிக்கிழமை காலை கர்நூலுக்குத் தெற்கே ஒரு தாபாவில் போனைக் கையில் எடுத்தவன் அதை நேராக டீ டம்ளருக்குள் போட்டுவிட்டான். கீழ்ப்பாதி கொஞ்ச நேரம் அந்த டம்ளரையே பார்த்துக்கொண்டிருந்தது. பெண்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். கலாமணியும் சிரித்தாள், அதை நினைத்து அப்புறம் எத்தனையோ நாள் நொந்துகொண்டாள்.

அதற்குப் பிறகு கீழ்ப்பாதி அடிக்கடி கறுத்தது. பீடி என்றார்கள். பத்து மணிக்கு நாலாவது பீடி, பத்தே காலுக்கு ஐந்தாவது. இந்த மனுசனுக்கு இன்னிக்கு என்ன வந்தது, வரட்டும், நான் நாலு கேள்வி கேக்கறேன் என்று வெள்ளையம்மா விரல் விட்டு எண்ணினாள். பதினோரு மணிக்கு ஏழாவது பீடி. கலாமணி வெண்டைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தவள் நிமிர்ந்து பார்த்தாள். கறுப்பு விலகியது, ரோடு ஓடிக்கொண்டிருந்தது. அரிவாள்மனையை மடக்கினாள். பீடி குடிக்கிறவன் வண்டியை நிறுத்திவிட்டுத்தான் கண்ணை மூடுவான். இங்கே கறுக்கும் முன்பும் ரோடு ஓடுகிறது, கறுத்துத் தெளிந்த பின்பும் ஓடுகிறது, இத்தனை நேரம் வண்டிக்கு வலப்பக்கமாக வந்துகொண்டிருந்த வெள்ளைக் கோடு இப்போது வண்டியின் நடுவயிற்றுக்குக் கீழே வருகிறது.

"அக்கா, இது பீடி இல்லீங்க," என்றாள். "அவரு தூங்கறாரு."

இரண்டு மணி நேரமாக அத்தனை பேரும் உட்கார்ந்து அவன் தூக்கத்தை எண்ணிக்கொண்டிருந்திருக்கிறார்கள். போன் டீயில் செத்துவிட்டது. லாரி ஆபீஸுக்குக் கூப்பிட்டால், வண்டி ஓடிக்கிட்டுத்தானேம்மா இருக்குது, அப்புறம் என்ன என்று கிளார்க் கேட்டார், அவள் பாதியில் வைத்துவிட்டாள். ஷாகிதா ஹைவே உதவிக்கு அடித்தாள், எந்த கிலோமீட்டர் கல் என்று கேட்டார்கள், கல் வருகிற நேரமெல்லாம் அவன் கண்ணை மூடிக்கொண்டிருந்தான். தெருவிலிருந்து அன்றைக்கு அந்தப் பக்கம் போன லாரி ஒன்றுகூட இல்லை. எல்லாரும் ஒரே நேரத்தில் சாமியைக் கூப்பிட ஆரம்பித்தார்கள். கலாமணி கூப்பிடவில்லை. கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு, முறையில் இருந்தவளிடமிருந்து கன்ட்ரோலரை வாங்கினாள். அவரு இந்தப் பக்கமா எதுக்க வர்றாரு, நான் எதுக்கப் போறேன் என்றாள்.

மஞ்சள் வண்டி பத்து நாள் கழித்து நகர்ந்தது. அதன் முகப்பில் குங்குமப் பொட்டு மாதிரி ஒரு சிவப்பு வட்டம், ஆட்டத்துக்குள்ளேயே இருக்கிற கடையில் அவளே பார்த்துப் பார்த்து ஒட்டியது. மதில் ஓரமாகவே போனாள், இத்தனை வருஷம் எதிரிகள் குறுக்கே வருவதால் போகாமலே விட்ட வடக்கு மூலைக்குப் போனாள், அங்கே மதிலில் ஒரு லாரி நுழைகிற அளவுக்கு ஓட்டை இருந்தது, ஓட்டைக்கு அந்தப் பக்கம் சங்ககிரி பைபாஸ் இருந்தது. அவள் ஏறினாள். வேகத்தைக் கூட்டுகிற பட்டனை அமுக்கினால் வண்டியின் பின்னால் நெருப்பு கக்கும், அதை விரல் எடுக்காமல் அமுக்கிக்கொண்டாள்.

அதற்கப்புறம் அந்தத் தெரு ஓட்டியது என்றுதான் சொல்லவேண்டும். ஒரு நாளும் சேலத்துக்கு வடக்கே போகாத பெண்கள் இருபத்திரண்டு பேர், புருஷன்மார் போனில் சொன்னதையெல்லாம் வைத்துக்கொண்டு வழி சொன்னார்கள். தொப்பூர் ஏத்தத்துல லாரி எல்லாம் இடப்பக்கம் ஊர்ந்துக்கிட்டு இருக்கும், நீ வலப்பக்கமே புடிச்சுக்க. கிருஷ்ணகிரி டோல்கேட்டுல கடைசி வரிசைதான் காலியா இருக்கும். ஓசூருக்கு முன்னால ஒரு பள்ளம், எங்க வீட்டுக்காரரு ரெண்டு தடவ ஸ்பிரிங் பிளேட்டு உடைச்சிருக்காரு. பள்ளம் சொன்ன இடத்தில் இருந்தது. பெங்களூரில் மட்டும் எந்த மாயமும் பலிக்கவில்லை, மேம்பாலம் இறங்குகிற இடத்தில் இருபது நிமிஷம் நின்றாள், வண்டி மேல் பன்னிரண்டு ராக்கெட் இருந்தும் என்ன பிரயோஜனம், முன்னாடி ஆட்டோ. அந்த இருபது நிமிஷத்தில் கீழ்ப்பாதி ஒன்பது தடவை கறுத்தது. ஒருமுறை தெளிந்தபோது நடுத்தடுப்புச் சுவர் கைக்கெட்டுகிற தூரத்தில் இருந்தது. கலாமணி கீழே பார்க்கவில்லை. பக்கத்துத் திரையைப் பார்த்துக்கொண்டே ஓட்டினால் தன் வண்டியைக் கொண்டுபோய் எங்காவது முட்டுவோம் என்பது அவளும் அவனும் சேர்ந்து கற்றுக்கொண்ட பாடம். ஷாகிதா பார்த்து, முழிச்சிருக்காரு, மூடிட்டாரு, முழிச்சுட்டாரு என்று சொல்லிக்கொண்டே வந்தாள்.

சிக்பள்ளாப்பூர், பாகேபல்லி, ஆந்திரா எல்லை. மணி ஒன்றே கால். பெனுகொண்டா மலைகள் மேல்பாதியில் வலப்பக்கமாகத் தெரிந்தன, அதே மலைகள் கீழ்ப்பாதியில் இடப்பக்கமாகத் தெரிந்தன, தெரு மூச்சைப் பிடித்துக்கொண்டது. நடுத்தடுப்பில் ஒரு திறப்பு வந்தது, அவள் பாய்ந்து அந்தப் பக்கம் போய் வளைத்துத் திரும்பினாள். எதிரே வந்துகொண்டிருந்த அர்த்தநாரியின் பன்னிரண்டு சக்கர லாரிக் கண்ணாடி வழியாகக் கீழ்ப்பாதியில் அவளுடைய மஞ்சள் வண்டி சின்னதாகத் தெரிந்தது. இப்படிப் பங்கிட்ட டிவியில் தன் வண்டி எப்படி இருக்கிறது என்று மற்றவர் பாதியில்தான் பார்க்க முடியும். கலாமணி அந்த ஒரு கணம் கீழே பார்த்தாள். தன் வண்டி மேலெல்லாம் புழுதி. அப்போது கீழ்ப்பாதி கறுத்துவிட்டது.

லாரி அவளைக் கடந்து போனது. அவள் பின்னாலேயே விரட்டி, பின் டயரைக் குறிபார்த்துச் சுட்டாள். குண்டு டயருக்குள் புகுந்து மறுபக்கமாய் வெளியே போனது, டயருக்கு ஒன்றும் ஆகவில்லை. திரும்பச் சுட்டாள். சம்மட்டியால் ஓங்கி அடித்தாள், சம்மட்டி லாரியை ஊடுருவிக்கொண்டு போனது. இடித்துப் பார்த்தாள், புகைக்குள் புகுந்த மாதிரி புகுந்து வெளியே வந்தாள். மூன்று வருஷம் சௌகரியம் என்று நினைத்திருந்தது இப்போது அவளை எங்கேயும் கை வைக்க விடவில்லை.

நிறுத்தாமல் ஓட்டிக்கொண்டே ஒரு விரலால் மெனுவைத் திறந்தாள். டீம் மாற்று என்ற இடத்துக்குப் போனாள். சிவப்பு எழுத்தில் நாலு வரி வந்தது, ஷாகிதா படித்துச் சொன்னாள்: எதிர் டீமுக்குப் போனால் கூட்டாளியின் திரையைப் பார்க்கிற உரிமை போய்விடும், திரும்ப வராது. கீழ்ப்பாதி மூடிப்போகும்.

வெள்ளையம்மா எழுந்து வந்து கலாமணியின் கையைப் பிடித்தாள். "வேண்டாம் அம்மிணி. ஆட்டமா இருந்தாலும் கட்டுனவனுக்கு எதிர்ல நிக்கக் கூடாது. அவனைப் பார்க்கறதுக்கு இருக்கறது அது ஒண்ணுதான்."

"கூட நின்னா என் குண்டு அவரு மேல படாதுங்க்கா," என்றாள் கலாமணி. "எனக்கு இப்பப் படணும்."

வெள்ளையம்மா கையை விட்டாள். கலாமணி பட்டனை அமுக்கினாள். மஞ்சள் வண்டியின் கூரையில் நீலக் கொடி போய்ச் சிவப்புக் கொடி வந்தது. கீழ்ப்பாதி ஏற்கெனவே கறுத்திருந்தது, அது தூக்கத்தின் கறுப்பா, மூடிப்போன கறுப்பா என்று சொல்ல ஆள் இல்லை. ஷாகிதா தன் வாயைப் பொத்திக்கொண்டாள். இனி மேல்பாதியில் தெரிகிற லாரியின் முதுகு மட்டும்தான், தார்ப்பாயும், ஒலி எழுப்பவும் என்ற எழுத்தும், சங்ககிரி என்று வளைத்து எழுதியிருந்த ஊர்ப்பேரும். லாரி மெல்ல மெல்ல வலப்பக்கம் சாய்ந்துகொண்டே போனது. கலாமணி குறிபார்த்தாள்.

"பொறு," என்றாள் வெள்ளையம்மா. "முன் டயரைத் தொட்டுறாத, கவுந்துரும். இன்னும் ரெண்டு மைல்ல ஏத்தம் வரும், லோடு வண்டி அங்க நடக்கற வேகத்துலதான் போகும், எங்க வீட்டுக்காரரு சொல்லுவாரு. அங்க வெச்சு இடப்பக்கம், பின்னாடி, ரெண்டு டயரையும் சேர்த்து எடு. வண்டி தானா ஓரத்துக்கு இழுக்கும்."

இரண்டு மைல். கலாமணி லாரிக்கும் நடுத்தடுப்புக்கும் நடுவில் தன் வண்டியை நுழைத்து ஓட்டினாள். இப்போது இடித்தால் இடிபட்டது. லாரி சாய்ந்துவரும்போதெல்லாம் இடித்து இடித்து நேராக்கினாள், மஞ்சள் வண்டியின் ஒரு பக்கம் முழுக்க நசுங்கியது, திரை மூலையில் அதன் உயிர்க்கோடு முக்காலாகி அரையாகிக் காலாகியது, கன்ட்ரோலர் அவள் கையில் அதிர்ந்துகொண்டே இருந்தது. ஏற்றம் வந்தது. லாரி முனகிக்கொண்டு வேகம் குறைந்தது. அவள் பின்வாங்கி, இடப்பக்கம் வந்து, ஒருமுறைதான் சுட்டாள்.

லாரி இடப்பக்கம் இழுத்தது, மண்ணில் இறங்கியது, ஒரு சீமைக்கருவேல மரத்தை வணங்குகிற மாதிரி சாய்த்துவிட்டு நின்றது. புழுதி அடங்க நேரமானது. கீழ்ப்பாதி கறுப்பாகவே இருந்தது.

மேல்பாதியில் லாரிக் கதவு திறந்தது. பத்து நாளாக அவன் கண்ணால் உலகத்தைப் பார்த்த தெரு, பக்கக் கண்ணாடித் துண்டில் மட்டும் அவன் மூஞ்சியைப் பார்த்த தெரு, இப்போது எதிரி வண்டியிலிருந்து அர்த்தநாரியை முழுசாகப் பார்த்தது. ஒரு காலில் மட்டும் செருப்பு, தாடி, குழி விழுந்த கண், தள்ளாடிக்கொண்டு இறங்கினான். கிழிந்த டயரைப் பார்த்தான். மஞ்சள் வண்டியைப் பார்த்தான், அதன் பொட்டைப் பார்த்தான், சிவப்புக் கொடியை ரொம்ப நேரம் பார்த்தான். பிறகு லாரி நிழலில் துண்டை விரித்து அப்படியே சரிந்தான். கலாமணி அப்போதுதான் அழுதாள். கொஞ்ச நேரத்தில் டிவி ஸ்டாண்டில் பத்து நாளாகச் சும்மா கிடந்த அவனுடைய கன்ட்ரோலர் மெதுவாக அதிர்ந்தது, நின்றது, அதிர்ந்தது. வெள்ளையம்மா அதன் மேல் கை வைத்துப் பார்த்துவிட்டு, குறட்டை என்றாள்.

பதினாலு மணி நேரம் தூங்கினான். மஞ்சள் வண்டி அவன் தலைமாட்டில் காவல் நின்றது, தெரு முறை போட்டு இரண்டு நிமிஷத்துக்கு ஒருதரம் பட்டனை அமுக்கியது. லோடு இரண்டு நாள் தாமதமாகப் போனது, லாரி ஆபீஸில் கத்தினார்கள், நாமக்கல்லில் கோழிகள் ஒன்றும் சாகவில்லை.

திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு அர்த்தநாரி வீட்டுக்கு வந்தான். குளித்தான், ஆறு தோசை தின்றான். பாயில் வந்து உட்கார்ந்து தன் கன்ட்ரோலரை எடுத்தான். மூன்று நாளாகக் கறுத்துக் கிடந்த கீழ்ப்பாதியில் வெளிச்சம் வந்தது, இடிந்த நகரம் வந்தது, ரெண்டாவது ஆள் தயார் என்று எழுத்து வந்தது. அவன் கண்ணுக்குத் தெரிகிற உலகம் இனி அதில் வராது, அது அவளுக்கும் தெரியும். மேலே அவள் பேருக்கு நேராகச் சிவப்பு, கீழே அவன் பேருக்கு நேராக நீலம். கலாமணி மெனுவைத் திறந்து நீலத்துக்குத் திரும்பப் போனாள். அர்த்தநாரி அவள் கை மேல் கை வைத்தான்.

"நீ அங்கயே இரு புள்ள," என்றான். "என்னை நிறுத்தறதுக்கு ஒரு ஆளு வேணும்."

ஆடினார்கள், முதல்முறையாக எதிரெதிரே. அவள் தயவே பார்க்கவில்லை, அரை மணி நேரத்தில் அவன் வண்டியை ஒன்பது தடவை உடைத்தாள். ஒரு வாரத்துப் பாத்திரம் உங்களுக்குத்தான் என்று சொல்லித் திரும்பிப் பார்த்தால், அவன் கன்ட்ரோலரை மடியில் வைத்துக்கொண்டு அவள் தோளில் சாய்ந்திருந்தான். பட்டன் அமுக்க ஆளில்லாமல் கீழ்ப்பாதி கறுத்திருந்தது.

வெள்ளையம்மா வாசலில் நின்று எட்டிப் பார்த்தாள். கறுத்துக் கிடந்த பாதியைக் கண்டதும் வழக்கம்போல, "பீடியா அம்மிணி?" என்று கேட்டாள்.

"இல்லீங்க்கா," என்றாள் கலாமணி, தோளை அசைக்காமல். "தூங்கறாரு."

சொல்லிவிட்டு, இரண்டு நிமிஷம் ஆகப்போகிறதே என்று பட்டனை ஒருமுறை அமுக்கினாள்.